கடலில்லா மாத்தளையும் உறைபதன இறால் வணிகமும்

மாத்தளை மாவட்டத்துக்குக் கடற்கரை இல்லை. தென்கிழக்கே நக்கிள்ஸ் மலைத்தொடரும் வடக்கே தம்புள்ளை, கலேவெல ஆகிய உலர்வலயச் சமவெளிகளும் எல்லையாக அமைய, இலங்கைத் தீவின் நடுவே அது கிடக்கின்றது. இத்தகைய மாவட்டத்தை முன்வைத்து இந்நாட்டின் உறைபதன இறால் வணிகத்தை ஆராய முற்படுவது முதற்பார்வையில் விந்தையாகத் தோன்றலாம். ஆயினும் ஏற்றுமதிப் பயிரொன்றின் எழுச்சியையும் வீழ்ச்சியையும் கண்டு அனுபவித்த மண் மாத்தளை. அன்றியும், கரையோரத்தில் தொடங்கிய இறால் வணிகத்தின் பிந்திய கிளையொன்று இன்று உலர்வலயக் குளங்கள்வரை வந்து நிற்கின்றது. இவ்விரு காரணங்களாலும் மாத்தளையிலிருந்து இவ்வணிகத்தை நோக்குவது பொருத்தமுடையதே.

கண்டி இராச்சியக் காலத்தில் மாத்தளைக்கும் கடலுக்கும் இருந்த தொடர்பு தவளத் தொடர்பாகும். பொதிமாடுகளின் முதுகில் உப்பும் கருவாடும் கரையிலிருந்து மலைநாட்டுக்குச் சென்றன. பாக்கும் மிளகும் மலைநாட்டிலிருந்து கரைக்கு வந்தன. கடலுணவு உள்நாட்டுக்கு வந்து சேர்வதற்கு அது காய்ந்திருத்தல் வேண்டும் என்பது அக்கால நியதி. உப்பும் வெயிலுமே அன்றைய பாதுகாப்பு முறைகள். 1815இல் கண்டி வீழ்ந்து, 1830கள் தொடக்கம் கோப்பித் தோட்டங்கள் பெருகியபோது இத்தொடர்பின் தன்மை மாறியது. தமிழகத்திலிருந்து மன்னார்க் கரையில் வந்திறங்கிய தொழிலாளர், காட்டினூடே வடக்குப் பாதை வழியாகத் தம்புள்ளையைக் கடந்து மாத்தளைக்கு நடந்தனர். வாந்திபேதியாலும் காய்ச்சலாலும் பசியாலும் அவர்களுள் பலர் வழியிலேயே மடிந்தனர். எஞ்சியோர் நட்டு வளர்த்த கோப்பியைக் கொண்டுசெல்வதற்காக மாத்தளைக்குப் புகையிரதப் பாதை அமைக்கப்பட்டது. அது 1880இல் திறக்கப்பட்டது. ஆனால் 1869இல் இலங்கையில் தோன்றிய கோப்பி இலைத்துரு நோய் அதற்குள் தோட்டங்களை அழித்துக்கொண்டிருந்தது. பாதை வந்து சேர்ந்தபோது பயிர் போய்க்கொண்டிருந்தது. ஒரே இனப் பயிரைப் பெருநிலப்பரப்பில் செறிவாக வளர்த்தமையும், விலையை நிர்ணயிக்கும் சந்தை கடல்கடந்து இருந்தமையும், நட்டத்தின் சுமை இறுதியில் உழைப்போர் மீது இறங்கியமையும் அவ்வரலாற்றின் மூன்று பாடங்கள். இறால் வணிகத்தின் வரலாறும் இம்மூன்றையும் மீண்டும் காட்டுகின்றது.

இறால் எளிதில் கெடும் பொருள். பிடிக்கப்பட்ட சில மணி நேரத்துக்குள்ளேயே அதன் தலைப்பகுதியிலிருந்து சிதைவு தொடங்குகின்றது. எனவே அது நெடுங்காலம் கரையோர மக்களின் உணவாகவும், உலர்த்தப்பட்ட நிலையில் அயல்நாடுகளுக்குச் செல்லும் சிறு சரக்காகவுமே இருந்தது. 1920களில் ஐக்கிய அமெரிக்காவில் கிளாரன்ஸ் பேர்ட்ஸ்ஐ என்பவர் வளர்த்தெடுத்த விரைவு உறைபதன முறை இந்நிலையை மாற்றிற்று. இறாலைத் தலை நீக்கிக் கழுவி, பருமன்படி தரம்பிரித்து, தட்டுகளில் அடுக்கி, மிகத் தாழ்ந்த வெப்பநிலையில் விரைந்து உறையச் செய்து, பின்னர் சுழியத்துக்குக் கீழ் 18 பாகை செல்சியசில் வைத்துக் காத்தால் பல மாதங்கள் அது கெடாது. இரண்டாம் உலகப் போருக்குப் பின்னர் இம்முறை தென்னாசியாவை எட்டியது. 1953இல் கொச்சியிலிருந்து உறைபதன இறால் அமெரிக்காவுக்கு அனுப்பப்பட்டது. அதே ஆண்டில் கொல்லத்தை அடுத்த நீண்டகரைப் பகுதியில் இந்திய-நோர்வே மீன்பிடித் திட்டம் செயற்படத் தொடங்கியது. 1961இல் யப்பான் இறால் இறக்குமதி மீதான கட்டுப்பாட்டைத் தளர்த்தியமை சந்தையை மேலும் விரித்தது.

இலங்கையும் இவ்வலையுள் வந்தது. 1964இல் இலங்கை மீன்பிடிக் கூட்டுத்தாபனம் நிறுவப்பட்டது. இயந்திரப் படகுகளும் நைலோன் வலைகளும் பரவின. அதுவரை இறால் பிடிப்பு களப்புகளைச் சார்ந்தே நடைபெற்றது. நீர்கொழும்புக் களப்பில் கடலை நோக்கி இறால் செல்லும் வாய்க்கால்களில் கட்டுவலை விரிக்கும் உரிமை நான்கு மீனவர் சங்கங்களுக்கு உரித்தாயிருந்தது. யார் எவ்விடத்தில் வலை விரிப்பது என்பதைத் திருவுளச்சீட்டு முறையால் தீர்மானித்தனர். வளத்தைப் பகிர்வதற்கும் அதைக் காப்பதற்கும் சமூகமே வகுத்துக்கொண்ட ஒழுங்கு அது. உறைபதனத் தொழிற்சாலைகள் எழுந்த பின்னர் இறாலுக்குக் கிடைத்த விலை, இழுவைப்படகு முதலான புதிய முறைகளுக்கு ஊக்கமளித்தது. வடக்கே பாக்கு நீரிணையிலும் மன்னார்க் கடலிலும் இறால் தேடும் இழுவைப்படகுகள் பெருகின. 1983இன் பின்னர் போர்ச்சூழலால் வட இலங்கை மீனவர் கடலுக்குச் செல்வது தடுக்கப்பட்டும் கட்டுப்படுத்தப்பட்டும் இருந்த காலத்தில், தமிழ்நாட்டு இழுவைப்படகுகள் அக்கடற்பரப்பில் இறாலை அள்ளின. இருகரைத் தமிழ் மீனவரிடையே இன்றுவரை தீராதிருக்கும் பிணக்கின் வேர்களுள் ஒன்று இந்த இறால் விலையே எனலாம். 2017இல் இலங்கை கடலடி இழுவைமடி மீன்பிடியைச் சட்டத்தால் தடைசெய்தது.

கடலிலிருந்து கிடைப்பது போதாதபோது வணிகம் பண்ணையை நாடியது. 1977இல் திறந்த பொருளாதாரக் கொள்கை நடைமுறைக்கு வந்ததைத் தொடர்ந்து, 1980களின் தொடக்கத்தில் மட்டக்களப்பு மாவட்டத்தில் பெரிய இறால் பண்ணைகள் தோன்றின. போர் அவற்றை நிலைக்கவிடவில்லை. 1987ஆம் ஆண்டு ஜனவரி மாத இறுதியில் கொக்கட்டிச்சோலைப் பகுதியில் விசேட அதிரடிப்படையினர் நடத்திய படுகொலையில் இறால் பண்ணைத் தொழிலாளரும் உயிரிழந்தனர். ஏற்றுமதிப் புள்ளிவிபரங்களில் இவ்வுயிர்களுக்கு இடமில்லை. ஆயினும் இவ்வணிகத்தின் வரலாற்றை எழுதுவோர் அவற்றை விட்டுவிட்டு எழுதுதல் இயலாது. கிழக்கில் தளர்ந்த தொழில் வடமேற்கில் வேரூன்றியது. புத்தளம் மாவட்டத்தில் சிலாபம், முந்தல், புத்தளம் களப்புகளை அண்டிக் கண்டற்காடுகளும் உவர்ச் சதுப்புகளும் குளங்களாக வெட்டப்பட்டன. வளர்க்கப்பட்டது பெரும்பாலும் வரி இறால் என்னும் ஒரே இனம். பல பண்ணைகள் ஒல்லாந்தர் கால்வாயிலிருந்தே நீரை எடுத்தன. கழிவுநீரையும் அதனுள்ளேயே விட்டன. ஒரு பண்ணையின் கழிவு அடுத்த பண்ணையின் ஊட்டநீராயிற்று.

1996இல் வெண்புள்ளி நோய் இப்பண்ணைகளைத் தாக்கியது. நோய்க்கிருமி கால்வாய் வழியே குளத்திலிருந்து குளத்துக்குச் சென்றது. நோய் தோன்றிய சில நாள்களுக்குள் குளம் முழுவதும் இறாலின்றிப் போகும். 1998இல் நோய் மீண்டும் வந்தது. பெருநிறுவனங்கள் முதலீட்டை வேறிடம் கொண்டுசென்றன; கடன்பட்டுக் குளம் வெட்டிய சிறு பண்ணையாளர் கடனோடு எஞ்சினர். கைவிடப்பட்ட குளங்கள் நெல்லுக்கும் உதவாமல், கண்டலுக்கும் திரும்பாமல் உவர்நிலமாய்க் கிடந்தன. 1869ஆம் ஆண்டின் கோப்பித்துருவையும் 1996ஆம் ஆண்டின் வெண்புள்ளியையும் அருகருகே வைத்து நோக்குவோர்க்கு ஒற்றுமை தெளிவாகும். ஒன்று பூஞ்சணம், மற்றையது வைரசு. ஆனால் இரண்டையும் பெருக்கியது ஒரே வகைப் பொருளாதாரமே. வேறுபாடும் ஒன்றுண்டு. கோப்பி மீளவில்லை, இறால் பண்ணையாளரோ பிற்காலத்தில் சங்கங்களாக ஒன்றுகூடி, அரச நிறுவனத்தோடு இணைந்து, எவ்வலயத்தில் எக்காலத்தில் குஞ்சுவிடுவது என்பதை வகுக்கும் பயிர்க்கால அட்டவணையை ஏற்றனர். தொழில் ஓரளவு நிமிர்ந்தமைக்கு அந்தக் கூட்டு ஒழுங்கே முக்கிய காரணம். நீர்கொழும்பு மீனவரின் திருவுளச்சீட்டு உணர்த்திய உண்மையைப் பண்ணையாளர் பெருநட்டத்தின் பின்னரே கற்றனர்.

இனி மாத்தளையின் குளங்களுக்கு வருவோம். மாவட்டத்தின் வடபகுதியில் தேவஹுவ, கண்டலம ஆகிய நீர்த்தேக்கங்கள் உள. 1976இல் பொல்கொல்லவில் திருப்பப்பட்ட மகாவலி நீர், சுரங்கவழியே உக்குவெல மின்நிலையத்தை அடைந்து, சுது கங்கை வழியாக அம்பன் கங்கையோடு சேர்ந்து போவத்தென்ன நீர்த்தேக்கத்துக்கு வருகின்றது. 2018இல் மொறகஹகந்தத் திட்டமும் நிறைவெய்தியது. நெல்லுக்கெனத் தேக்கப்பட்ட இந்நீரில் மீனும் விளைந்தது. 1952இல் இலங்கைக்குக் கொண்டுவரப்பட்ட திலாப்பியா உலர்வலயக் குளங்களில் தானே பெருகி, கடல்மீன் எட்டாத உள்நாட்டுக் குடும்பங்களின் மலிவான புரதமாயிற்று.

நன்னீர் மீன்பிடியின் வரலாற்றில் 1990 ஒரு திருப்பம். அவ்வாண்டில் அரசு, சமயக் காரணத்தை முன்னிட்டு, உள்நாட்டு மீன்பிடிக்கு அளித்துவந்த ஆதரவை விலக்கிக்கொண்டது. 1989இல் ஏறத்தாழ 39,000 தொன்னாகக் கணிக்கப்பட்ட உள்நாட்டு மீன் உற்பத்தி 1994இல் 12,000 தொன்னாகக் குறைந்தது. கணக்கெடுப்பும் அக்காலத்தில் தளர்ந்திருந்தமையால் இவ்வெண்களை எச்சரிக்கையோடு கொள்ளவேண்டும். ஆயினும், மேற்பார்வை நீங்கியதும் சிறுகண் வலைகள் பெருகிக் குளங்களின் வளம் குன்றியது என்பதில் ஐயமில்லை. 1994இல் ஆதரவு மீண்டது. 1998ஆம் ஆண்டின் 53ஆம் இலக்கச் சட்டத்தால் தேசிய நீர்வாழ் உயிரினச் செய்கை அபிவிருத்தி அதிகாரசபை அமைக்கப்பட்டது. அதன் மீன் இனப்பெருக்க நிலையங்களுள் ஒன்று தம்புள்ளையில் இயங்குகின்றது.

இவ்வதிகாரசபையின் முயற்சியால் நன்னீர்ப் பெரிய இறால் உலர்வலய நீர்த்தேக்கங்களில் விடப்படலாயிற்று. திலாப்பியாவிலும் பன்மடங்கு விலைபெறும் இவ்விறால் உள்நாட்டு உல்லாச விடுதிகளுக்கும் ஏற்றுமதிக்கும் உரியது. ஆனால் அதன் இயற்கை கருதத்தக்கது. வளர்ந்த இறால் நன்னீரில் வாழும். அதன் குடம்பிகளோ உவர்கலந்த நீரின்றிப் பிழையா. ஆற்றில் வாழும் தாய் இறால் கழிமுகத்தை நோக்கி இறங்கும். குஞ்சுகள் பின்னர் மேலேறும். அம்பன் கங்கை சேரும் மகாவலி கொட்டியாரக் குடாவில் கடலோடு கலக்கின்றது. இடையே அணைகள் மறிக்கின்றன. எனவே மாத்தளைக் குளத்தில் விடப்படும் இறால் அங்கே வளரும், ஆனால் பெருகாது. ஒவ்வொரு முறையும் சிலாபத்தை அடுத்த பம்பல போன்ற கரையோரப் பொரிப்பகங்களிலிருந்து குஞ்சு வந்தாக வேண்டும். திலாப்பியா 1990இன் புறக்கணிப்பைத் தாங்கி உயிர்வாழ்ந்தது. தன்னைத்தானே பெருக்கும் இனம் அது. அத்தகைய புறக்கணிப்பு மீண்டும் நேரின் இறால் ஒரு தலைமுறையோடு மறைந்துவிடும்.

இங்கேதான் வினா எழுகின்றது. குளத்து மீனவனின் வருவாயை இறால் உயர்த்துகின்றது என்பது மெய். துடுப்பால் வலிக்கும் சிறு தோணியும் செவுள்வலையுமே முதலாகக் கொண்டோர்க்கு அவ்வருவாய் சிறிதன்று. ஆயின் அந்த வருவாய் பொரிப்பகத்திலும் ஐஸ் பெட்டியிலும் தொலைநாட்டுச் சந்தையிலும் தங்கியுள்ளது. இவற்றுள் ஒன்றேனும் குளத்து மீனவர் சங்கத்தின் கையில் இல்லை. மறுபுறம், அதே குளத்தின் திலாப்பியா தம்புள்ளைச் சந்தையிலும் மிதிவண்டி வியாபாரியின் கூடையிலும் உள்ளூர் மக்களுக்கே சேர்கின்றது. மாத்தளைத் தோட்ட லயங்களில் வாழும் குடும்பங்களுக்கு நெடுங்காலமாகக் கருவாடும் நெத்தலியுமே கடலின் பங்காய் இருந்துவந்தன. ஏற்றுமதிக்குரியதை விளைவிக்கும் மண்ணில் வாழ்வோர் மலிவானதை உண்ணும் நிலை கோப்பிக் காலத்திலிருந்தே தொடரும் நிலையாகும்.

ஆகவே இறாலை வேண்டாமென ஒதுக்குவது தீர்வன்று. திலாப்பியாவின் இடத்தில் அதனை அமர்த்துவதும் தீர்வன்று. குளத்தின் அடிப்படை மீன்வளம் உள்ளூர் உணவுக்கென நிலைபெற்றிருக்க, இறால் அதன்மேல் வரும் மிகை வருவாயாக அமைதல் வேண்டும். குஞ்சு விடுவதற்கான நிதியின் ஒரு பகுதியேனும் மீனவர் சங்கங்களின் சேமிப்பிலிருந்து வருமாயின், அரசின் கொள்கை மாறும்போதெல்லாம் குளம் வெறுமையாகும் நிலை தவிரும். நீர்கொழும்புக் களப்பும் புத்தளத்துப் பண்ணைகளும் ஒன்றையே மெய்ப்பிக்கின்றன: வளத்தை ஆளும் ஒழுங்கு அதனால் பிழைப்போரின் கையில் இருந்தபோது வணிகம் நிலைத்தது, இல்லாதபோது நோயோ கடனோ அதனைக் கொண்டுபோயிற்று. கோப்பியின் காலத்தில் மாத்தளைத் தொழிலாளர்க்கு அத்தகைய ஒழுங்கை அமைக்கும் உரிமை இருக்கவில்லை. இன்றைய குளத்து மீனவர்க்கு அது உண்டு. அதனைப் பயன்படுத்துவதற்கு அவர்களுக்குத் துணைநிற்பதே அரசும் கற்றோரும் செய்யத்தக்க பணியாகும்.