மலையின் கடாம்: நவிரமலையின் நீரும் பருவமும்

பத்துப்பாட்டில் பத்தாவது பாட்டுக்கு இரண்டு பெயர். கூத்தராற்றுப்படை என்பது பாட்டின் வகையைச் சொல்கிறது; மலைபடுகடாம் என்பது மலையைச் சொல்கிறது. நிலைத்தது பின்னதே. அந்தக் கடாம் எது என்பதில்தான் உரையாசிரியர் நச்சினார்க்கினியரோடு எனக்கு உடன்பாடில்லை.

மலையை யானையாகவும் அதில் பிறக்கும் ஓசையை மதமாகவும் கொண்டார் அவர். 1889இல் உ.வே.சாமிநாதையர் பத்துப்பாட்டை அவருரையோடு பதிப்பித்தபின் இவ்விளக்கம் வகுப்பறை வரை பரவிவிட்டது. அதற்கு வலுவான சான்றும் உண்டு. கடாம் என்ற சொல் வருமிடத்தில் புலவர் மலையின் ஓசைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிச் செல்கிறார். முடிக்கும் வினையும் ஒலித்தலையே குறிக்கிறது. இதை ஒதுக்கிவிட்டு யாரும் வாதிட முடியாது.

ஆனால் கடாம் ஓசை அன்று, ஒழுக்கு. யானையின் கன்னத்தில் சுரந்து வழிவது. ஆண்டு முழுதும் வழியாமல் பருவத்தில் பெருகி, பின் அடங்குவது. ஓசைக்குத்தான் உவமை வேண்டுமென்றால் பிளிறல் இருக்கிறதே! பாட்டைப் பாடிய பெருங்கௌசிகனார் அதை விட்டுக் கடாத்தை எடுத்தது ஏன் என்று உரையாசிரியர் கேட்கவே இல்லை. வழிந்தபடியே ஒலிப்பது மலையில் ஒன்றுதான் உண்டு. மழைக்குப் பின் பாறை முகத்தில் இறங்கும் அருவி அது. மற்ற ஓசைகள் அதனோடு கலக்கலாம். கடாம் என்ற பெயருக்கு உரியது நீரே என்பது என் துணிபு.

பாட்டுடைத் தலைவன் நன்னனின் செங்கண்மா இன்றைய செங்கம் என்பதும், அவனது நவிரமலை திருவண்ணாமலை மாவட்டத்துப் பர்வதமலை என்பதும் பலரும் ஏற்ற முடிபுகள். பாட்டில் நவிரத்தில் உறையும் காரியுண்டிக் கடவுளையும் இன்று பர்வதமலை உச்சியில் இருக்கும் மல்லிகார்சுனரையும் ஒருவராகவே கொள்வர். இமயத்து ஆறுகளுக்குப் பனிப்பாறை உண்டு; மழை பொய்த்த கோடையிலும் அது உருகி நீர் தரும். நவிரத்துக்கு அந்தச் சேமிப்பு இல்லை. தென்மேற்குப் பருவமழையும் அதன்பின் ஐப்பசி, கார்த்திகை மழையும் தருவதுதான் அதன் நீர் முழுவதும். சவ்வாது மலையிலிருந்து வரும் செய்யாறும், அதாவது பாட்டின் சேயாறும், மழையை நம்பியதே. மழை நின்றால் மணல்தான். பருவத்தில் பெருகி அடங்கும் யானை மதத்துக்கு இதைவிடப் பொருத்தமான மலை எது?

பர்வதமலையைக் கடலாடிப் பக்கமிருந்து கோடையில் பார்த்தால் அருவி இருக்காது. அது இறங்கிய கருங்கோடுகள் செங்குத்துப் பாறையில் தெரியும். மதம் வற்றிய யானையின் கன்னத்திலும் அப்படித்தான் கறை நிற்கும். கண்ணால் கண்டது இலக்கியச் சான்றாகாது என்பதை அறிவேன். என்றாலும் இந்த ஒற்றுமை ஏட்டிலிருந்து வந்ததல்ல, மலையிலிருந்து வந்தது என்பதால் அதை எளிதில் தள்ளிவிட எனக்கு மனமில்லை.

செங்கம் இடபேசுவரர் கோயிலில் உள்ள ஒரு பாட்டுக் கல்வெட்டு இங்கே முக்கியமானது. சங்கப் பாட்டுக்குப் பல நூற்றாண்டு பிந்திய அது, இந்த மலையை நன்னனின் வெற்பு என்றே சுட்டுகிறது. கடாம் என்ற சொல்லைப் ‘புனை’ என்பதோடு சேர்க்கிறது. அதற்கு முன் ‘நல்லிசை’ என்ற அடை நிற்கிறது. பாட்டின் பெயரையே கல் நினைவுகூர்கிறது என்பது பொதுக்கருத்து. நானும் ஏற்கிறேன். அப்படியானால் கூத்தராற்றுப்படை என்ற பெயர் பின்தங்கி, கடாம் என்ற ஒரு சொல்லே பாட்டைக் குறிக்கும் அளவுக்கு வளர்ந்துவிட்டது என்றாகிறது. ‘இசை’ புகழா, ஓசையா? ஓசை என்றால் கல் நச்சினார்க்கினியர் பக்கம் சாயும். புகழ் என்றால் சாயாது. பாட்டால் பெயர்பெற்ற மலையைச் சொல்லுமிடத்தில் புகழ் என்பதே இயல்பாகப் பொருந்துகிறது. ‘புனை’ என்பதோ இயற்றுதலையும் குறிக்கும், அணிதலையும் குறிக்கும். ஓசையை மலை அணியாது. வழியும் நீரை அணியும். இருபொருளும் படவே கல்வெட்டுப் புலவர் பாடினார் என்று நினைக்க எனக்கு விருப்பம். நிறுவும் அளவுக்குச் சான்று போதாது.

காலவரிசையும் இதற்கு உதவவில்லை. உரையாசிரியரைப் பதினான்காம் நூற்றாண்டினர் என்பது வழக்கு. கல்வெட்டை எழுத்தமைதி கொண்டு நூற்றாண்டளவில்தான் பேச முடியும். ஆகவே அவ்வுரை செங்கத்தில் முன்பே வழங்கிய பொருளைப் பதிவுசெய்ததா, புதிதாகப் பொருள் கண்டதா என்பதைத் திறந்தே விடுகிறேன். பாட்டின் பிற்பகுதி மட்டும் என் பக்கம் நிற்கிறது: மலையைக் கடந்து வரும் கூத்தரைச் சேயாற்றின் ஒரு கரையைப் பற்றிக்கொண்டே நன்னன் ஊருக்குப் போகச் சொல்கிறார் புலவர்.