ஜீவனாம்ச வழக்கில் 'எக்ஸ்பார்ட்டி' உத்தரவா? 3 மாதத்துக்குள் மனு போடணும்!

கணவன்-மனைவி தகராறு முற்றி கோர்ட்டுக்குப் போனதும் பலர் செய்யும் முதல் தவறு, சம்மனை வாங்காமல் டிமிக்கி கொடுப்பதுதான். "சம்மன் வாங்கலேன்னா கேஸ் நகராது" என்று டீக்கடையில் யாரோ சொன்னதை நம்பி இருந்து விடுகிறார்கள். ஆனால் கேஸ் நகரத்தான் செய்யும். ஆள் வராமலேயே சாட்சியை விசாரித்து, மாதம் இவ்வளவு ரூபாய் என்று குடும்ப நல கோர்ட்டு உத்தரவு போட்டு விடும். இதற்குத்தான் எக்ஸ்பார்ட்டி, அதாவது ஒருதலைப்பட்ச உத்தரவு என்று பெயர்.

சட்டம் என்ன சொல்கிறது?

ஜீவனாம்சத்துக்கு முன்பு குற்றவியல் நடைமுறை சட்டம் 125-வது பிரிவு இருந்தது. 2024 ஜூலை 1-ந்தேதி முதல் புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-வது பிரிவு வந்துள்ளது. எக்ஸ்பார்ட்டி உத்தரவு பற்றிச் சொல்வது பழைய 126(2), புதிய 145(2) பிரிவு.

வேண்டுமென்றே சம்மனை வாங்காமல் இருக்கிறார் அல்லது வாங்கியும் கோர்ட்டுக்கு வரவில்லை என்று நீதிபதிக்கு திருப்தி ஏற்பட்டால்தான் ஒருதலைப்பட்சமாக விசாரிக்கலாம். உத்தரவு வந்த தேதியில் இருந்து 3 மாதத்துக்குள், தக்க காரணம் காட்டி அதை ரத்து செய்யும்படி அதே கோர்ட்டில் மனு போடலாம். எதிர்தரப்புக்கு செலவுத்தொகை கொடு என்பது போன்ற நிபந்தனையும் விதிக்கப்படலாம்.

எது தக்க காரணம்?

வீடு மாறிப் போனதால் பழைய விலாசத்துக்கு சம்மன் போயிருக்கலாம். ஆஸ்பத்திரியில் படுத்திருக்கலாம். வெளிநாட்டில் வேலையில் இருந்திருக்கலாம். வாய்ச்சொல் மட்டும் போதாது. வாடகை ஒப்பந்தம், ஆஸ்பத்திரி சீட்டு, பாஸ்போர்ட்டு பக்கம் என்று ஆதாரம் வேண்டும். "வேலை இருந்துச்சு, மறந்துட்டேன்" என்றால் எடுபடுவது கஷ்டம்.

செய்ய வேண்டியது

முதலில் வழக்கு நம்பரைச் சொல்லி உத்தரவு நகலுக்கு மனு கொடுக்க வேண்டும். பிறகு பிரமாண பத்திரத்தோடு ரத்து மனு போட வேண்டும். 3 மாதம் தாண்டி விட்டால், தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவையும் சேர்த்துப் போட வேண்டும். தாமதத்துக்கான காரணத்தை அதில் தெளிவாகச் சொல்ல வேண்டும்.

ஒன்றை மறக்கக்கூடாது. மனு போட்டதாலேயே பழைய உத்தரவு நின்று விடாது. தடை கேட்டு தனியாக மனு போட வேண்டும். பாக்கியில் ஒரு பகுதியை முதலில் கட்டச் சொல்லி கோர்ட்டு உத்தரவிடலாம்.

ஜெயிலுக்குப் போனால் கணக்கு தீருமா?

தீராது. பணம் கட்டாவிட்டால் வாரண்டு பிறப்பிக்கலாம். அதன்பிறகும் கட்டாவிட்டால், ஒவ்வொரு மாத பாக்கிக்கும் ஒரு மாதம் வரை சிறை உண்டு. உள்ளே இருந்து விட்டு வந்தாலும் பாக்கி அப்படியே நிற்கும் என்று சுப்ரீம் கோர்ட்டு கூறி இருக்கிறது.

மனு தாக்கல் செய்த தேதியில் இருந்தே ஜீவனாம்சம் கணக்கிட வேண்டும் என்று 2020-ல் ரஜ்னேஷ்-நேஹா வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. மாதம் 5 ஆயிரம் என்று வைத்துக்கொண்டால், 2 வருடத்தில் பாக்கி 1 லட்சத்து 20 ஆயிரம். தள்ளிப்போட தள்ளிப்போட தலைக்கு மேல் ஏறும்.

மனைவி தரப்பு

ரத்து மனு வந்ததும் மனைவி பயப்பட வேண்டியதில்லை. அவருக்கும் நோட்டீசு வரும். பதில் மனு போட்டு எதிர்க்கலாம். வழக்கு மறுபடி விசாரணைக்கு வந்தால், அதுவரை இடைக்கால ஜீவனாம்சம் கேட்கலாம். பாக்கியை வசூலிக்கும் மனுவை, பணம் கட்ட வேண்டிய தேதியில் இருந்து ஓராண்டுக்குள் போட்டு விட வேண்டும்.

தொகை அதிகம் என்றால்?

ரத்து மனு தள்ளுபடியானால் ஐகோர்ட்டில் சீராய்வு மனு போடலாம். தென்மாவட்டத்தினர் மதுரை கிளையை அணுக வேண்டும். வேலை போய் விட்டது, வருமானம் குறைந்து விட்டது என்றால் தொகையை மாற்றி அமைக்கக் கேட்க வேறு பிரிவு இருக்கிறது. சம்பளம், சொத்து, கடன் விவரங்களை இரு தரப்பும் பிரமாண பத்திரமாகத் தர வேண்டும். மறைத்தால் சிக்கல்தான்.

வக்கீல் வைக்க வசதி இல்லாதவர்கள், கோர்ட்டு வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். பெண்களுக்கு வருமான வரம்பு இல்லாமலே இலவச உதவி உண்டு. போன் நம்பர் 15100.