முதற் கதாநாயகியாக நடித்த ஆடவர்: அண்ணா சாலுங்கே

இந்தியத் திரைப்பட வரலாற்றை எழுதப் புகுவோர் யாவரும் தாதாசாகிப் பால்கேயின் பெயரை முதற்கண் வைத்துப் போற்றுவர். அவர் ஆக்கிய 'ராஜா ஹரிச்சந்திரா' 1913ஆம் ஆண்டு மே 3ஆம் நாள் பம்பாய்க் கொறனேசன் அரங்கிலே பொதுமக்களுக்குக் காட்டப்பட்டது. அப்படத்தில் அரசி தாராமதியாகத் தோன்றியவர் ஒரு பெண் அல்லர். அண்ணா சாலுங்கே என்னும் இளைஞராவர். அவரைப் பற்றி அறிந்தோர் சிலரே.

அக்காலத்தில் நாடக மேடையிற் பெண்வேடம் பூண்டோர் பெரும்பாலும் ஆடவரே. தமிழ் நாடகக் குழுக்களில் 'ஸ்திரீபார்ட்' என வழங்கியதும் நம் நாட்டுக் கூத்து மரபிற் காணப்படுவதும் இவ்வழக்கமேயாம். எனினும், திரைப்படத்துக்கு மெய்யான பெண்ணே வேண்டுமெனப் பால்கே விரும்பினார். குடும்பப் பெண்கள் நடிக்க முன்வரவில்லை. ஆடல் மகளிரும் பொதுமகளிருங்கூட இத்தொழிலை இழிவெனக் கருதி மறுத்தனர். இந்நிலையிலேதான் பம்பாய்க் கிராண்ட் வீதி உணவுச்சாலை ஒன்றிற் பணியாற்றிய சாலுங்கே அவர் கண்ணிற் பட்டார். மெலிந்த உடலும் மென்மையான கைகளும் அவருக்கு வாய்த்திருந்தன. மாதம் 10 ரூபா பெற்றுவந்த அவர், 15 ரூபாச் சம்பளத்துக்கு இசைந்து தாராமதியானார் என்பர்.

பேசாப் படத்தில் நடிகருக்குக் குரல் துணையாகாது. கணவனைப் பிரிந்த துயரையும் மகனைப் பறிகொடுத்த வேதனையையும் முகமும் கைகளுமே உரைத்தல் வேண்டும். நாடகப் பயிற்சியாற் புகழ்பெற்றிராத ஒருவர் இப்பொறுப்பை ஏற்றார் என்பது கருதற்பாலது.

அதே ஆண்டில் வெளிவந்த 'மோகினி பஸ்மாசுரி'ல் துர்க்காபாய் காமத்தும் அவர் மகள் கமலாபாயும் நடித்து, பெண்கள் திரையில் தோன்றத் தடையில்லை என்பதை நிறுவினர். ஆயினும், வழக்கம் ஒரு நாளில் மாறிவிடவில்லை. 1917இல் எழுந்த 'லங்கா தகன'த்திற் சீதையாக நடித்தவரும் சாலுங்கேயே. இராமனாக நடித்தவரும் அவரே! இந்தியத் திரையின் முதல் இரட்டை வேடம் இதுவெனக் கொள்ளப்படுகிறது. இராமன் தோன்றியபோது மக்கள் காலணிகளைக் களைந்து வணங்கினர் எனவும் கூறுவர். 1919இல் வந்த 'காளிய மர்த்தன'த்திற் கண்ணனாகப் பால்கேயின் மகள் மந்தாகினி நடித்தமையை இதனோடு ஒப்பிட்டு நோக்குதல் தகும். பின்னாளிற் சாலுங்கே ஒளிப்பதிவாளராகவும் பணிபுரிந்தார்.

சாலுங்கேயின் வரலாறு இரு உண்மைகளை ஒருங்கே உணர்த்துகின்றது. எளிய தொழிலாளி ஒருவர் தம் திறமையால் உயர்ந்தமை ஒன்று. அவ்வுயர்வுக்கு வழி திறந்தது, பெண்குலத்துக்குச் சமுதாயம் அடைத்துவைத்த கதவு என்பது மற்றொன்று. முன்னதை மட்டும் போற்றிப் பின்னதை மறப்பது வரலாறாகாது. அவர் நடித்த படங்களுட் பல அழிந்தன. சிலவற்றின் சிறு பகுதிகளே எஞ்சியுள்ளன. அப்பகுதிகளிலே காணப்படும் தாராமதியும் சீதையும், திரைக்கு வர இயலாதிருந்த பெண்களையும் நமக்கு நினைவூட்டுகின்றனர்.