லவ்டேல் பையன் எடுத்த 12 படங்கள்

பிரதாப் போத்தன்னு சொன்னா நம்ம மக்கள் உடனே 'மூடுபனி' (1980) கிடார் பாட்டைத்தான் சொல்வாங்க. இல்லேன்னா 'அந்த சைக்கோ ஆளு' என்பார்கள். 2022 ஜூலை 15-ல் சென்னையில் அவர் இறந்தபோது நான் படித்த அஞ்சலிகளிலும் இதே கதைதான். மனுஷன் 12 படம் இயக்கியிருக்கார் சாமி!

குன்னூரிலிருந்து மலை ரயிலில் போனால் ஊட்டிக்கு முந்தின ஸ்டேஷன் லவ்டேல். 1858-ல் ஆரம்பித்த லாரன்ஸ் பள்ளி அங்கேதான் இருக்கு. 1952-ல் திருவனந்தபுரத்தில் பிறந்த பிரதாப் படித்தது இங்கே. அப்புறம் சென்னை கிறிஸ்துவக் கல்லூரி, மும்பையில் விளம்பர வேலை. பரதன்தான் 'ஆரவம்' (1978), 'தகர' (1979) மூலமா மலையாளத்துக்குக் கொண்டு வந்தார். தமிழில் பாலு மகேந்திராவின் 'அழியாத கோலங்கள்' (1979). 1981-ல் 'பன்னீர் புஷ்பங்கள்' படத்தில் ஊட்டிப் பள்ளிக்கே வாத்தியாரா வந்து நின்னார் :)

டைரக்டரா முதல் படம் ராதிகா தயாரித்து நடித்த 'மீண்டும் ஒரு காதல் கதை' (1985). மனவளர்ச்சி குன்றிய இருவரின் காதல். சிறந்த அறிமுக இயக்குனருக்கான இந்திரா காந்தி தேசிய விருது கிடைத்தது. அடுத்து மலையாளத்தில் 'ருதுபேதம்' (1987), போர்டிங் ஸ்கூல் காதலான 'டெய்சி' (1988). 'வெற்றி விழா' (1989) ராபர்ட் லட்லமின் நாவலைத் தழுவியது. அதே நாவலை வைத்து மேட் டேமன் நடித்த படம் வந்தது 2002-ல்தான்! பிறகு நெப்போலியனை வைத்து 'சீவலப்பேரி பாண்டி' (1994). சிவாஜியும் மோகன்லாலும் சேர்ந்து நடித்த 'ஒரு யாத்ராமொழி' (1997) கடைசி.

இவ்வளவு செஞ்சும் டைரக்டரா ஏன் பெயர் நிக்கலை? என் கணிப்பு இதுதான். பாலு மகேந்திரா படம்னா ரெண்டு ஷாட்டில் தெரிஞ்சிடும். பிரதாப் படத்துக்கு அப்படி ஒரு முத்திரை கிடையாது. கலைப்படம், ஆக்‌ஷன், காமெடி, கிராமத்துக் கதைன்னு ஒவ்வொண்ணும் ஒரு திசை. மூணு மொழியில் வேற பிரிஞ்சு கிடக்கு. ஆனா 'மீண்டும் ஒரு காதல் கதை' எடுத்தவரே 'வெற்றி விழா'வும் எடுத்தார் என்பதை நான் குறையா பார்க்கலை. முத்திரை குத்தினால்தான் மதிப்போம்ங்கிறது நம்ம பழக்கம்.

இயக்கத்தை விட்டு 15 வருஷம் கழித்து '22 ஃபீமேல் கோட்டயம்' (2012) வில்லனா வந்து மிரட்டினார். அதுக்கும் கைதட்டினோம், நடிகருக்கு மட்டும். அடுத்த தடவை 'வெற்றி விழா' டிவியில் ஓடினா, டைட்டிலில் இயக்கம்னு வர்ற பெயரையும் கொஞ்சம் கவனிங்க மக்கா.