பகா எண்களின் தொகையும் இராமாநுஜனும்

1913ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 16ஆம் நாளன்று, சென்னைத் துறைமுக நிறுவனத்தின் கணக்குப் பகுதியில் எழுதுநராயிருந்த சீனிவாச இராமாநுஜன், கேம்பிறிட்ஜிலிருந்த கணித அறிஞர் ஹார்டிக்கு ஒரு மடல் வரைந்தார். ஆண்டுக்கு 20 பவுண் ஊதியம் பெறும் எழுதுநர் என்றே அம்மடலில் அவர் தம்மை அறிமுகஞ் செய்துகொண்டார். துறைமுக எழுதுநரின் வாழ்வு எத்தகையது என்பதைக் கொழும்பு மக்களுக்கு விளக்கவேண்டியதில்லை. மடலின் தொடக்கத்திலேயே அவர் எடுத்துக்கொண்ட பொருள் பகா எண்களின் தொகையாகும். குறித்தவோர் எண்ணுக்குட்பட்ட பகா எண்கள் எத்தனை என்பதைத் துணிந்து கூறும் கோவை இதுவரை காணப்படவில்லை என ஹார்டி தமது நூலொன்றில் எழுதியிருந்தார். தாம் அதனைக் கண்டுவிட்டதாகவும், அதிலுள்ள வழு புறக்கணிக்கத்தக்கதெனவும் இராமாநுஜன் அறிவித்தார்.

அக்கூற்று பிழையானது. நம்மவர் எழுதும் இராமாநுஜன் புகழுரைகளுள் இச்செய்தி பெரும்பாலும் இடம்பெறுவதில்லை. குலதெய்வமாகிய நாமகிரித் தாயார் கனவில் உணர்த்தினாள் என்பதோடு பலர் அமைந்துவிடுகின்றனர். ஆயின், அவர் எங்கே வழுவினார் என்பதை அறியாதார்க்கு அவர் எவ்வளவு தூரம் சென்றார் என்பதும் விளங்காது.

தன்னாலும் ஒன்றாலுமன்றி வேறெதனாலும் மீதியின்றி வகுபடாத, ஒன்றினும் பெரிய எண்ணே பகா எண். ஈழத்துப் பாடநூல்கள் இதனை முதன்மை எண் என வழங்கும். பகா எண் என்னும் தமிழகத்து வழக்கு, பொருளின் இயல்பைச் சொல்லிலேயே காட்டுவதால் ஈண்டு அதுவே கொள்ளப்பட்டது. இவற்றைக் கண்டறியும் பழைய முறை கிரேக்கரான எரத்தோதெனீசின் பெயரால் வழங்கும் சல்லடை. நூறு வரையுள்ள எண்களை எழுதி, 2, 3, 5, 7 ஆகியவற்றை நிறுத்தி அவற்றின் ஏனைய மடங்குகளை அடித்துவிட்டால், ஒன்று நீங்கலாக எஞ்சுவன 25 பகா எண்கள். நூற்றின் வர்க்கமூலம் 10 ஆதலின் அதற்கப்பால் அடிக்கவேண்டியதில்லை. ஆயிரம் வரை செல்ல 31 வரையுள்ள பதினொரு பகா எண்கள் போதும்.

அவ்வாறு நூறு நூறாக எண்ணிச் செல்வோர்க்குக் கிடைக்கும் தொகைகள் இவை: 25, 21, 16, 16, 17, 14, 16, 14, 15, 14. மொத்தம் 168. இவ்வரிசையை ஊன்றி நோக்குதல் வேண்டும். எண்கள் பெருகப் பெருகப் பகா எண்கள் அருகுகின்றன என்பது வெளிப்படை. எனினும் அவை ஒழுங்காக அருகவில்லை. ஐந்தாம் நூற்றில் 17 உள, அதற்கு முந்திய நூற்றிலோ 16 தான். தேய்ந்துவரும் ஓட்டத்தினுள்ளே ஓர் அலைவும் உண்டு. இச்சிறிய அலைவே இராமாநுஜனின் கோவையைப் பின்னர்ப் பொய்ப்பித்தது.

ஓர் எண்ணை அதன் இயற்கை மடக்கையால் வகுத்தால் பகா எண்களின் தொகை அண்ணளவாகக் கிடைக்கும் என்பது 1896இல் ஹடமார், த லா வலே பூசன் ஆகிய இருவராலும் தனித்தனியே நிறுவப்பட்டது. ஆயிரத்துக்கு அது தருவது 145. காவுசு விரும்பிய மடக்கைத் தொகையீடு 178 எனத் தரும். இராமாநுஜன் கண்ட கோவையோ 168ஐ மிகவும் அண்மித்து நிற்கிறது! மேலைநாட்டு ஆய்வேடுகள் எட்டாத சூழலில், 1859இல் றீமன் கண்ட சூத்திரத்தின் முதன்மைப் பகுதியை அவர் தாமாகவே மீண்டும் கண்டார் என்பதே உண்மை.

றீமன் சூத்திரத்தில் வேறொரு பகுதியும் உண்டு. சீற்றாச் சார்பின் சிக்கலெண் பூச்சியங்களிலிருந்து பிறக்கும் அப்பகுதியே மேற்கூறிய அலைவைத் தருவது. அப்பூச்சியங்களை இராமாநுஜன் கருத்திற் கொள்ளவில்லை. சிறிய எல்லையில் இதனால் இடரில்லை. பத்து இலட்சம் வரை பகா எண்கள் 78,498. கோவை தருவதோ அதனினும் 29 மிகை. பத்துக் கோடியில் மிகை 97 ஆகிறது. நூறு கோடியில் 79 குறைகிறது. மொத்தத் தொகையோடு ஒப்பிட இவை அற்பமே. ஆயினும் இவ்வேறுபாடு ஓர் எல்லைக்குள் அடங்கி நிற்பதன்று. எண்ணிப்பார்த்த அட்டவணைகளை நம்புவதன் இடரை 1914இல் லிற்றில்வூட் தெளிவாக்கினார்: கணித்த இடமெல்லாம் உண்மைத் தொகையை விஞ்சி நின்ற மடக்கைத் தொகையீடு, முடிவிலி தடவைகள் அதற்குக் கீழும் இறங்கும் என அவர் நிறுவினார். அட்டவணை நிறுவலாகாது.

அதே 1914ஆம் ஆண்டு மார்ச்சு 17இல் இராமாநுஜன் கப்பலேறினார். கேம்பிறிட்ஜ் அவரது உள்ளுணர்வை மழுக்கியதெனக் கூறுவாருமுளர். அக்கூற்றுக்கு 1919இல் இந்தியக் கணிதக் கழகத்தின் இதழில் வெளிவந்த அவரது கட்டுரையே மறுமொழி. ஒன்றினும் பெரிய எந்த எண்ணுக்கும் அதன் இருமடங்குக்கும் இடையே ஒரு பகா எண்ணேனும் உண்டு என 1845இல் பேட்றன் ஊகித்ததைச் செபிசேவ் நிறுவியிருந்தார். இராமாநுஜன் அதனை இரண்டே பக்கங்களில் நிறுவி, அப்பாலும் சென்றார். எண்ணொன்றுக்கும் அதன் பாதிக்கும் இடையே, அவ்வெண் 11ஐ எட்டியபின் குறைந்தது இரண்டும், 17இன்பின் மூன்றும், 29இன்பின் நான்கும், 41இன்பின் ஐந்தும் எப்பொழுதும் இருக்கும் என்றார். இங்கே புறக்கணிக்கவேண்டிய வழு எதுவுமில்லை. மறு ஆண்டு ஏப்பிரல் 26இல், 32 வயதில், அவர் சென்னையில் மறைந்தார். 2, 11, 17, 29, 41 என நீளும் அவ்வரிசை இன்று இராமாநுஜன் பகா எண்கள் என வழங்குகிறது.