எலுமிச்சைக் கோழியும் எழுநூறு ஆண்டுகளும்

வேலை முடிந்து மாலையில் வீடு திரும்புகின்ற ஒருவர், ஒரே சட்டியில் விரைவாகச் சமைத்து முடிக்கக்கூடிய இரவுணவு எது என்று தேடினால், அவர் முன்னால் வந்து நிற்பது பெரும்பாலும் கோழியும் ஏதாவதொரு புளிப்புப் பழத்தின் சாறும் சேர்ந்த பண்டமாகவே இருக்கும். எலுமிச்சைக் கோழி, தோடம்பழக் கோழி எனப் பெயர்கள் மாறும். சமையல் நூல்கள் இவற்றை 'வார நாட்களுக்கான இலகு சமையல்' என்ற தலைப்பின் கீழ் வைக்கின்றன. இன்றைய அவசர வாழ்க்கை கண்டுபிடித்த குறுக்குவழி இது என்றே நம்மிற் பலர் எண்ணுகிறோம்.

உண்மை அவ்வாறன்று. இப்பண்டத்தின் எழுத்து வடிவிலான செய்முறை ஏறத்தாழ 700 ஆண்டுகள் பழமையானது. அதன் பெயருக்குள் ஒரு மக்கள் கூட்டத்தின் கதையும் அடங்கிக் கிடக்கிறது. அந்தக் கதையைச் சொல்லுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

முதலில் ஒரு சொல் விளக்கம். யாழ்ப்பாணத்தில் நாம் தேசிக்காய் என்று அழைக்கும் சிறிய காயைத் தமிழகத்தவர் எலுமிச்சை என்பர். இக்கட்டுரையில் எலுமிச்சை என்று நான் குறிப்பிடுவது, மஞ்சள் நிறத் தடித்த தோலுடைய, மத்தியதரைக் கடல் நாடுகளில் விளைகின்ற பெரிய கனியையே. நாரத்தை என்பது புளிப்பும் கசப்பும் கலந்த பழைய இனம். தோடம்பழம் என்பது இனிப்பானது. ஐரோப்பாவுக்கு அது பிந்தியே போய்ச் சேர்ந்தது.

நாரத்தையின் பயணம்

புளிப்புப் பழ இனங்களின் தாயகம் இமயமலையின் தென்கிழக்கு அடிவாரத்தை ஒட்டிய நிலப்பரப்பு என்பதை 2018ஆம் ஆண்டு வெளியான மரபணு ஆய்வு எடுத்துக்காட்டியது. நாரத்தை, பம்பளிமாசும் மண்டரின் தோடையும் கலந்து உருவான இனம். எலுமிச்சையோ அந்த நாரத்தையும் கடாரங்காய் இனத்தைச் சேர்ந்த இன்னொரு பழமரமும் கலந்து பிறந்த பிள்ளை.

பழத்தோடு பெயரும் பயணம் செய்தது. தமிழில் நாரத்தை, மலையாளத்தில் நாரங்ங, வடமொழியில் நாரங்க, பாரசீகத்தில் நாரங், அரபில் நாரஞ்ஜ், ஸ்பானிய மொழியில் நரஞ்ஹா, ஆங்கிலத்தில் ஒரேஞ்ச். இவையனைத்தும் ஒரே சொல்லின் பல முகங்கள். வடமொழிக்கு இச்சொல் திராவிட மொழியொன்றிலிருந்து சென்றிருக்க வேண்டும் என்பதே மொழியியலாளர் பலரின் கருத்தாகும்.

இந்தப் பயணத்தைப் பதிவு செய்தவர்களுள் பத்தாம் நூற்றாண்டைச் சேர்ந்த அரபு வரலாற்றாசிரியர் அல் மசூதி முக்கியமானவர். ஹிஜ்ரி 300க்குப் பின்னர், அதாவது கி.பி. 912க்குப் பின்னர், நாரத்தை மரம் இந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்டு ஓமானில் நடப்பட்டதாகவும், அங்கிருந்து பஸ்ராவுக்கும் ஈராக்குக்கும் சிரியாவுக்கும் பரவியதாகவும் அவர் எழுதியுள்ளார். அத்துடன் அவர் நிற்கவில்லை. தாய்மண்ணின் காற்றும் நீரும் இல்லாமையால் அம்மரம் இந்தியாவில் அதற்கிருந்த நறுமணத்தையும் அழகிய நிறத்தையும் இழந்துவிட்டது என்றும் குறிப்பிடுகிறார். புலம்பெயர்ந்த ஒரு மரத்தைப் பற்றி ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்னர் எழுதப்பட்ட இந்த அவதானம், இன்று உலகின் பல மூலைகளிலிருந்து இதனை வாசிக்கும் எம்மவரை ஒரு கணம் நிறுத்தவே செய்யும்.

பாக்தாத்தின் சமையலறை

1226ஆம் ஆண்டு பாக்தாத்தில் முகம்மது பின் அல் ஹசன் என்பவர் ஒரு சமையல் நூலை எழுதினார். மொங்கோலியப் படைகள் அந்நகரை அழிப்பதற்கு 32 ஆண்டுகளுக்கு முன்னர் எழுதப்பட்ட நூல் அது. 1934இல் மொசூலில் அச்சேறிய அந்நூலை 1939இல் ஆங்கிலத்துக்குக் கொண்டுவந்தவர் ஏ. ஜே. ஆர்பெரி.

அந்நூலில் புளிப்புக் குழம்புகளுக்குத் தனியிடம் உண்டு. முதன்மையான புளிப்புப் பொருளின் பெயரோடு 'இய்யா' என்ற விகுதியைச் சேர்த்து அரபு மொழி பண்டத்துக்குப் பெயர் சூட்டியது. நாரத்தை சேர்ந்தால் நாரஞ்ஜிய்யா. மாதுளை, அதாவது ருமான் சேர்ந்தால் ருமானிய்யா. சுமாக் என்ற புளிப்புக் கனி சேர்ந்தால் சுமாகிய்யா. எலுமிச்சை சேர்ந்தால் லைமூனிய்யா.

நாரஞ்ஜிய்யாவைச் சமைக்கும்போது பழத்தின் தோலை உரிப்பவர் ஒருவராகவும் சாற்றைப் பிழிபவர் வேறொருவராகவும் இருக்க வேண்டும் என்று அந்நூல் அறிவுறுத்துகிறது. தோலிலுள்ள எண்ணெய் கையில் ஒட்டிச் சாற்றைக் கசக்கச் செய்துவிடும் என்பதே இதன் உட்பொருள். இரண்டு பேரை நிறுத்திப் பழம் பிழிவது செல்வந்தரின் சமையலறையிலேயே நடக்கக்கூடிய காரியம் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

லிமோனியா

பாக்தாத் நூலுக்கு ஏறத்தாழ எண்பது ஆண்டுகளின் பின்னர், 14ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தை ஒட்டி, தென் இத்தாலியில் இலத்தீன் மொழியில் ஒரு சமையல் நூல் தோன்றியது. 'லிபெர் தெ கொக்கீனா', அதாவது சமையல் நூல் என்பதே அதன் பெயர். ஆசிரியர் பெயர் இல்லை. அதன் கையெழுத்துப் படிகள் பாரிஸிலுள்ள பிரான்சிய தேசிய நூலகத்தில் இருக்கின்றன. 1285 முதல் 1309 வரை நேப்பிள்ஸை ஆண்ட இரண்டாம் சார்ள்ஸின் அரசவையோடு இந்நூலைத் தொடர்புபடுத்துவோர் ஆய்வாளரிடையே பலர்.

அந்நூலில் லிமோனியா, ருமானியா, சுமாக்கியா என்று மூன்று கோழிப் பண்டங்கள் வருகின்றன. இவை அரபுப் பெயர்களின் இலத்தீன் வடிவங்களே என்பதைப் பிரெஞ்சு அறிஞர் மக்ஸிம் ரொடின்சன் போன்றோர் விளக்கியுள்ளனர்.

லிமோனியாவின் செய்முறை சில வரிகளில் முடிந்துவிடுகிறது. கோழியைக் கொழுப்பிலும் வெங்காயத்திலும் வதக்க வேண்டும். பாதாம் பருப்பை அரைத்து இறைச்சிச் சாற்றில் கரைத்து வடித்து, அதில் கோழியை வாசனைப் பொருட்களுடன் வேகவைக்க வேண்டும். பாதாம் இல்லையெனில் முட்டை மஞ்சட்கருவால் குழம்பைத் தடிப்பாக்கலாம். பரிமாறும் வேளை நெருங்கும்போது எலுமிச்சைச் சாற்றையோ தேசிச் சாற்றையோ நாரத்தைச் சாற்றையோ விட வேண்டும். அவ்வளவுதான்.

அளவு இல்லை, நேரம் இல்லை. எது இருக்கிறதோ அதைக்கொண்டு சமையுங்கள் என்ற தாராளம் மட்டும் இருக்கிறது. இன்றைய 'இலகு சமையல்' குறிப்பொன்றின் முழு இலட்சணமும் இதில் அமைந்திருக்கிறது.

ஆயினும் இங்கே ஒரு சொல் நம்மைத் தடுத்து நிறுத்துகிறது. கோழியை வதக்கச் சொல்லப்பட்ட கொழுப்பு பன்றிக் கொழுப்பு. பெயர் அரபுப் பெயர், முறை அரபு முறை. ஆனால் அப்பண்டத்தைத் தந்தவர்கள் இனி அதனை வாயில் வைக்க முடியாது.

லூசேரா, 1300

சிசிலித் தீவை ஒன்பதாம் நூற்றாண்டு முதல் முஸ்லிம்கள் ஆண்டனர். பதினோராம் நூற்றாண்டில் நோர்மன்கள் அதனைக் கைப்பற்றிய பின்னரும் முஸ்லிம் மக்கள் அங்கே வாழ்ந்தனர். 1220களிலிருந்து பேரரசர் இரண்டாம் பிரடெரிக், கிளர்ச்சி செய்த சிசிலி முஸ்லிம்களைக் கூட்டங்கூட்டமாக அப்புறப்படுத்தி, இத்தாலியப் பெருநிலத்தின் அபூலியா பகுதியிலுள்ள லூசேரா என்ற நகரில் குடியேற்றினார். ஊரை இழந்த அம்மக்கள் புதிய இடத்தில் பயிர் செய்தனர்; கைத்தொழில் புரிந்தனர்; அரசருக்குப் படைவீரரையும் வழங்கினர். ஏறத்தாழ முக்கால் நூற்றாண்டு காலம் கிறிஸ்தவ இத்தாலியின் நடுவே பள்ளிவாசலோடு ஒரு முஸ்லிம் நகரம் நிலைத்திருந்தது.

1300ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதத்தில் மேற்சொன்ன இரண்டாம் சார்ள்ஸின் ஆணைப்படி அந்நகரம் ஒழிக்கப்பட்டது. அங்கிருந்தோரிற் பெரும்பாலோர் அடிமைகளாக விற்கப்பட்டனர். விற்கப்பட்டோர் தொகை பத்தாயிரம் அளவில் இருக்கலாம் என்பது வரலாற்றாசிரியர்களின் கணிப்பு. அவர்களின் உடைமைகள் அரச கருவூலத்துக்குச் சென்றன. நகருக்குப் புதிய பெயர் சூட்டப்பட்டது. பின்னர் அங்கே ஒரு பேராலயம் எழுந்தது.

இந்த இரண்டு செய்திகளையும் அருகருகே வைத்துப் பாருங்கள். ஓர் அரசன் ஒரு மக்கள் கூட்டத்தை அவர்கள் வாழ்ந்த நகரத்திலிருந்து துடைத்தெறிகிறான். அதே காலப்பகுதியில், அவனுடைய அரசவைக்குரியதென அறிஞர் பலர் கருதும் சமையல் நூலில், அம்மக்களின் மொழிப் பெயரோடு ஒரு கோழிக் குழம்பு இடம்பெறுகிறது. ஆட்களை வேண்டாம் என்றவர்கள் அவர்களின் உணவை வேண்டாம் என்று சொல்லவில்லை. உலகில் இது ஒருமுறை மாத்திரம் நடந்த காரியமன்று என்பதை எமது வாசகர்களுக்கு விளக்கிக் கூற வேண்டியதில்லை.

விருந்து வார நாளானது எப்படி?

அக்காலத்தில் கோழி எளிய உணவன்று. முட்டையிடும் கோழியைச் சாதாரண குடும்பம் இலேசில் அறுக்காது. எமது ஊர்களிலும் ஓரிரு தலைமுறைக்கு முன்னர் கோழிக்கறி என்றால் விருந்தினர் வந்திருக்கிறார் என்றே பொருள்.

இந்நிலை மாறியது இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில். அமெரிக்காவில் 'நாளைய கோழி' என்ற பெயரில் நடத்தப்பட்ட போட்டியின் தேசிய இறுதிச் சுற்று 1948இல் நடைபெற்றது. விரைவாக வளர்ந்து அதிக மார்பிறைச்சி தரும் கோழியை உருவாக்குவதே அதன் இலக்கு. கனடாவின் அல்பேர்ட்டா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 1957ஆம் ஆண்டின் இனத்தையும் 2005ஆம் ஆண்டின் இனத்தையும் ஒரே தீனி கொடுத்து வளர்த்து 2014இல் முடிவை வெளியிட்டனர். 56 நாட்களில் பழைய இனம் 905 கிராம் எடையும் புதிய இனம் 4,202 கிராம் எடையும் அடைந்திருந்தன. அரசவைக்குரிய பண்டத்தை மாலை வேளையில் அவசரமாகச் சமைக்கக்கூடியதாக்கியது இந்த நான்கரை மடங்கு வளர்ச்சியே. அந்த எடையைத் தாங்க முடியாமல் கால்கள் நொய்ந்து போகும் பறவைகள் அதற்கான விலையைக் கொடுக்கின்றன.

சமைத்துப் பார்க்க விரும்புவோருக்கு

நான்கு பேருக்கு ஒரு கிலோ கோழிக்கால் துண்டுகள் போதும். உப்பும் மிளகுத் தூளும் தடவி ஒலிவ் எண்ணெயில் இருபுறமும் பொன்னிறமாகும்வரை வதக்கி எடுத்து வையுங்கள். அதே சட்டியில் இரண்டு பெரிய வெங்காயத்தை மெல்லியதாக அரிந்து வதக்குங்கள். 75 கிராம் பாதாம் பருப்பைச் சுடுநீரில் ஊறவைத்து, இரண்டு கோப்பை கோழிச் சாற்றுடன் அரைத்து வடித்து ஊற்றுங்கள். சிறிது இஞ்சித் தூளும் ஒரு துண்டு கறுவாவும் சேர்த்து, கோழித் துண்டுகளை இட்டு மூடி, மெல்லிய தீயில் முப்பது முதல் முப்பத்தைந்து நிமிடம் வேகவிடுங்கள். அடுப்பை அணைத்துவிட்டு இரண்டு மேசைக்கரண்டி எலுமிச்சைச் சாற்றை விட்டுக் கலக்குங்கள். எலுமிச்சை கிடைக்காவிட்டால் தேசிக்காய் போதும். அதற்கு அந்தப் பழைய நூலே அனுமதி தந்திருக்கிறது.

சாற்றைக் கடைசியில் விடுவதற்குக் காரணம் உண்டு. கொதிக்கும் குழம்பில் விட்டால் பழத்தின் மணம் ஆவியோடு போய்விடும். சில வேளைகளில் கசப்பும் தட்டும். நம் வீடுகளில் சொதியை இறக்கி வைத்த பின்னரே தேசிக்காய்ப் புளி விட வேண்டும் என்று அம்மாமார் கண்டிப்பாகச் சொல்லுவார்கள். அங்கே பாதாம்பால், இங்கே தேங்காய்ப்பால், இரண்டிலும் வெங்காயம், இரண்டிலும் புளி கடைசியில். ஒன்றிலிருந்து மற்றது வந்தது என்று நான் வாதிட வரவில்லை. ஒரே பழ இனத்தைக் கையாண்ட இரு வேறு மக்கள், அப்பழம் கற்றுக்கொடுத்த பாடத்தை ஒன்றுபோலவே கற்றிருக்கிறார்கள் என்பதே என் எண்ணம்.

நாரத்தைத் தோலை ஒருவர் உரிக்க மற்றவர் சாறு பிழிந்த பாக்தாத் சமையலறை இன்று இல்லை. லூசேராவின் முஸ்லிம் நகரமும் இல்லை. அவர்களின் பெயர்களை எந்தச் சமையல் நூலும் சொல்லவில்லை. லிமோனியா என்ற ஒரு சொல் மட்டும் தப்பிப் பிழைத்திருக்கிறது. இன்றிரவு அடுப்பை அணைத்துவிட்டுப் புளியை விடும்போது, 'இலகு சமையல்' என்று நாம் அழைக்கும் இக்காரியத்தை எமக்கு இலகுவாக்கித் தந்தவர்கள் யார் என்பதை ஒரு கணம் எண்ணிப் பார்த்தால் போதும்.