வெள்ளை மாளிகையில் சேற்றுக் காலணிகள்

பெரிய இடத்து விருந்தில் எங்கே நிற்பது, எதை எடுப்பது என்றறியாது திகைக்கும் எளியவனைக் கண்டு நகைப்பது உலக வழக்கு. ஊர் விட்டு ஊர் வந்து பிழைக்கும் நமக்கு அந்தத் திகைப்பும் புதிதன்று; அந்த நகைப்பும் புதிதன்று. அமெரிக்க வரலாற்றில் இதற்குப் பெயர்பெற்ற நிகழ்ச்சி ஒன்று உண்டு.

1829 மார்ச் 4ஆம் நாள் ஆண்ட்ரூ ஜாக்சன் குடியரசுத் தலைவராகப் பதவியேற்றார். அவருக்கு முன்னிருந்த அறுவரும் வர்ஜீனியா, மாசசூசெட்ஸ் என்னும் இரு மாநிலத்தவர். ஜாக்சனோ இளமையிலேயே பெற்றோரை இழந்து, மேற்கே டென்னசியில் தம் முயற்சியால் உயர்ந்தவர். சொத்துள்ளோர்க்கே வாக்கு என்ற விதி பல மாநிலங்களில் தளர்ந்திருந்த காலம் அது. தம்மவர் வென்றார் என்று எளியோர் தலைநகரில் திரண்டனர்.

விழா முடிந்ததும் கூட்டம் வெள்ளை மாளிகைக்குள் புகுந்தது. தலைவரைக் காணும் ஆவலில் சேற்றுக் காலணிகளுடன் பட்டு நாற்காலிகள்மீது ஏறி நின்றனர். பீங்கானும் கண்ணாடியும் நொறுங்கின. நெரிசலில் சிக்கிய ஜாக்சனை நண்பர்கள் சூழ்ந்து மீட்க, அவர் தம் விடுதிக்கே திரும்பினார். விருந்தளித்தவர் போய்விட்டார், விருந்தினர் போகவில்லை! பானத் தொட்டிகளைப் புல்வெளிக்கு எடுத்துச் சென்ற பின்னரே கூட்டம் சன்னல் வழியாகவும் வெளியேறிற்று.

1837 பிப்ரவரி 22 அன்று ஜாக்சன் மீண்டும் கதவைத் திறந்தார். நியூயார்க் மாநில உழவர் ஒருவர் அளித்திருந்த சுமார் 1,400 பவுண்டு எடையுள்ள பாலாடைக்கட்டியை மக்கள் இரண்டே மணி நேரத்தில் தின்று தீர்த்தனர். அதன் நெடி மட்டும் மாளிகையை விட்டு அகலவில்லை.

ஒன்றை நாம் மறத்தலாகாது. 1829ஆம் ஆண்டுக் காட்சியை எழுதிவைத்த மார்கரெட் பேயார்ட் ஸ்மித் அம்மையாரும் நீதிபதி ஜோசப் ஸ்டோரியும் உயர்குடியினர். அவர்தம் அருவருப்பு அந்த வருணனையைச் சற்றே பெருக்கியிருக்கலாம் என வரலாற்றாசிரியர் பலர் கருதுவர்.

அன்று திறந்த கதவு எல்லார்க்கும் திறக்கவில்லை என்பதே நாம் வருந்த வேண்டிய செய்தி. எளியோரின் தலைவர் எனப் போற்றப்பட்ட ஜாக்சன், கறுப்பின மக்களை அடிமைகளாக வைத்திருந்தவர். பழங்குடியினரை அவர்தம் மண்ணிலிருந்து பெயர்த்த 1830ஆம் ஆண்டுச் சட்டத்தில் கையொப்பமிட்டவர். நாற்காலியில் படிந்த சேற்றைத் துடைத்துவிடலாம். இந்தக் கறையைத் துடைத்தல் எளிதோ?